ஒண்ணுமில்லீங்க

எங்கள் வீட்டில் பகலில் எந்தக் கதவையும் தாழிடக் கூடாது. இப்படியொரு சட்டத்தை யாரும் வாய்விட்டுச் சொன்னதில்லை. ஆனால் குளியலறையைத் தவிர வேறு எந்தக் கதவைத் தாழிட்டாலும் கொஞ்ச நேரத்தில் மாமியார் வந்து வெளியே நின்றுகொண்டு, "ஏஞ்சாமி, ஒடம்பு செரியில்லயா?" என்று குரல் கொடுப்பார். நோயாளிகளும் கோபக்காரர்களும்தான் கதவைச் சாத்துவார்கள் என்பது அவருடைய முடிவு. பீரோ சாவி சாமி படத்துக்குப் பின்னால் ஆணியில் தொங்கும். அது அங்கே தொங்குவது எங்களுக்கு மட்டுமல்ல, வந்துபோகிற ஒறம்பரை, அதாவது சொந்தக்கார ஜனம் எல்லோருக்கும் தெரியும். அப்புறம் எதற்கு அந்த பீரோவுக்குப் பூட்டு என்று நான் பலமுறை நினைத்திருக்கிறேன்.

நான் ஆத்தூர்ப் பக்கத்துப் பெண். கல்யாணமாகித் திருச்செங்கோட்டுக்கு வந்தபோது இந்த ஊர்ப் பேச்சு எனக்குப் புதிது. எங்கள் பக்கத்தில் யாராவது என்ன என்று கேட்டால் "ஒண்ணும் இல்ல" என்று சொல்லிவிட்டு வேலையைப் பார்ப்போம். இங்கே அதற்கு மரியாதை போதாது. "ஒண்ணுமில்லீங்க" என்று சொல்ல வேண்டும். இந்த ஊர்த் தமிழில் நான் முதன்முதலில் தடுமாறாமல் சொல்லப் பழகிய சொல் அதுதான். சமையலறையில் தட்டு விழுந்தால் ஒண்ணுமில்லீங்க. கண் சிவந்திருந்தால் ஒண்ணுமில்லீங்க. ஏன் சாப்பிடவில்லை என்று கேட்டால் ஒண்ணுமில்லீங்க. பணிவும் இருக்கும், பேச்சும் முடிந்துவிடும். இதைவிட வசதியான சொல்லை நான் இதுவரை எந்த ஊரிலும் பார்த்ததில்லை.

என் வீட்டுக்காரர் ரிக் வண்டி வைத்திருந்தவர். போர் போடுகிற வண்டியை ஓட்டிக்கொண்டு மத்தியப் பிரதேசம், சத்தீஸ்கர் என்று போனால் மாதக்கணக்கில் அங்கேதான். தேர்த் திருவிழாவுக்கும் தீபாவளிக்கும் ஊருக்கு வருவார். நாங்கள் குடும்பம் நடத்தியதில் பெரும்பகுதி செல்போன் மெசேஜில்தான் நடந்தது. முழங்கால் தேய்ந்துபோன பிறகு வண்டியைக் கூட்டாளியிடம் விட்டுவிட்டு ஒரேயடியாக வீட்டுக்கு வந்தார். வந்தவருக்குப் பொழுது போக வேண்டுமே. ஹாலில் இருந்த கம்ப்யூட்டரைப் பிடித்துக்கொண்டார்.

அது மகள் கல்லூரியில் படித்தபோது வாங்கியது. அவள் வேலை கிடைத்து பெங்களூருக்குப் போய்விட்டாள். கம்ப்யூட்டர் டிவிக்கும் ஊஞ்சலுக்கும் நடுவில் அப்படியே நின்றுவிட்டது. மத்தியான நேரத்தில், சாப்பாடு முடிந்து வீடு அடங்கியதும் நான் அதில் உட்கார்ந்து எழுதுவேன். பத்திரிகைகளில் என் கட்டுரைகள் சில வந்திருக்கின்றன. வீட்டில் அவற்றை எடுத்துவைப்பார்கள், படிக்க மாட்டார்கள். அது எனக்கு வசதியாகத்தான் இருந்தது. பல வருடமாக ஒரே கோப்பில் எழுதிச் சேர்த்துக்கொண்டிருந்தேன். இந்த வீட்டுக்கு வந்த நாளிலிருந்து நான் பார்த்தது, வாய்க்குள் அடக்கியது எல்லாம் அதில் இருந்தன. புத்தகமாக வர வேண்டும் என்ற ஆசை எனக்கு இருந்தது. ஆசை என்று நாசூக்காகச் சொல்கிறேன். வெறி.

என் வீட்டுக்காரருக்கு டப்பாக்களைத் திறந்து பார்க்கிற பழக்கம் உண்டு. சமையலறைக்குத் தண்ணீர் குடிக்க வந்தால்கூட கடலை மாவு டப்பா வரை திறந்து பார்த்துவிட்டுத்தான் போவார். எதையும் எடுத்துத் தின்ன மாட்டார். உள்ளே என்ன இருக்கிறது என்று பார்த்தாக வேண்டும், அவ்வளவுதான். ரிக் ஓட்டிய புத்தி, மூடியிருக்கிற இடத்தைக் கண்டால் சும்மா விடாது. கம்ப்யூட்டரிலும் அதே கதைதான். திரையில் இருந்த ஒவ்வொன்றையும் வரிசையாகத் திறந்துகொண்டே வந்தார்.

அவருடைய பெரியம்மா மகனும் அவர் மனைவியும் கல்யாணப் பத்திரிகை வைக்க வந்திருந்தார்கள். நான் உள்ளே காபி வடிகட்டிக்கொண்டிருந்தேன். ஹாலில் அவர் உரக்கப் படிக்கிற சத்தம் கேட்டது. "இந்த வீட்டில் கதவைத் தட்டிவிட்டு உள்ளே வருகிறவள் நான் ஒருத்திதான்."

என்னுடைய வரி. அதுவரை என் கண்ணைத் தவிர வேறு கண் படாத வரி.

"ஏனுங்கண்ணா, அப்ப நாமெல்லா ஓட்டப் பிரிச்சுக்கிட்டா எறங்கறோம்?" என்று சொல்லிச் சிரித்தார். வந்தவர்கள் சிரித்தார்கள். மாமியாரும் சிரித்தார், பிறகு ஏதோ யோசனை வந்தவராகச் சிரிப்பை நிறுத்திக்கொண்டார். நான் காபியைக் கொண்டுபோய் எல்லோருக்கும் கொடுத்தேன். வெட்கமாகத்தான் இருந்திருக்கும் என்று நீங்கள் நினைக்கலாம். இல்லை, ஆத்திரம். ஒரு தம்ளரை அப்படியே கீபோர்டின் மேல் கவிழ்த்திருப்பேன். ஆனால் எழுதியதெல்லாம் அதற்குள்ளே அல்லவா இருந்தது.

மறுநாள் மத்தியானம் அவர் ஊஞ்சலில் படுத்திருந்தார். நான் கோப்பைத் திறந்தேன். அதற்குப் பாஸ்வேர்டு வைக்கும் இடம் எங்கே என்று தேடிக் கண்டுபிடித்தேன். சின்னப் பெட்டி ஒன்று வந்து, கோடு மின்னி மின்னி நின்றது. என்ன வைப்பது? மகள் பெயர், பிறந்த நாள், வண்டி நம்பர் எல்லாம் அவருக்கும் தெரியும். யோசித்துக்கொண்டிருந்தபோது ஊஞ்சலிலிருந்து குரல் வந்தது.

"அங்க என்ன புள்ள பண்ணிக்கிட்டிருக்கற?"

"ஒண்ணுமில்லீங்க" என்றேன்.

சொன்ன வேகத்தில் விரல் அதையே அடித்துவிட்டது. ஆங்கில எழுத்தில், ஒரே மூச்சில். இன்னொரு முறை அடிக்கச் சொன்னது, அடித்தேன். இதை மறந்தால் கோப்பை மீட்கவே முடியாது என்று ஒரு எச்சரிக்கை வந்தது. எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. எதை வேண்டுமானாலும் மறப்பேன், இந்தச் சொல்லையா மறப்பேன்?

சில நாள் கழித்து அவர் கண்டுபிடித்தார்.

"இதென்ன, இது மட்டும் பாஸ்வேர்டு கேக்குது?"

"தெரியலீங்களே."

"நீதான எழுதற? என்ன பாஸ்வேர்டு?"

"ஒண்ணுமில்லீங்க."

சத்தியமாகச் சொன்ன பதில். அரிச்சந்திரன் வம்சம் என்று என்னை நானே மெச்சிக்கொண்டேன். அவர் திரையை உற்றுப் பார்த்தார். "ஒண்ணுமில்லாததுக்கா கேக்குது? வைரஸ் ஏறிக்கிச்சோ?" என்றார்.

"இருக்குமுங்க" என்றேன். அன்று இட்லிக்கு மாவு ஆட்டும்போது பாட்டு பாடினேன் என்று மாமியார் பிற்பாடு சொன்னார்.

அந்தக் குஷி நீடிக்கவில்லை. மகள் போனில் பேசும்போது, "வைரஸ் எல்லாம் இல்லப்பா, அம்மாதான் லாக் போட்டிருப்பாங்க" என்று போட்டு உடைத்துவிட்டாள். அன்றிலிருந்து வீட்டுக்காரர் முகம் சரியில்லை. என்னிடம் பேசுவார், சாப்பிடுவார், ஆனால் கம்ப்யூட்டர் பக்கம் போகும்போதெல்லாம் பெருமூச்சு ஒன்று வரும். மாமியார் நேராகவே கேட்டார். "ஏஞ்சாமி, ஊட்டுல இருக்கறது நாம மூணு பேரு. இதுல ஆருக்குப் பயந்து பூட்டுப் போட்ட?" வீட்டுக்காரர் வேறு விதமாகக் கேட்டார். "புத்தகமாப் போடோணும்னு சொல்ற. ஊரே படிக்கலாம். நாம் படிக்கப்படாதா?"

இதற்கு நியாயமான பதில் என்னிடம் இருந்தது. ஊரில் படிக்கப்போகிற யாருக்கும் நான் விடிந்ததும் காபி போட்டுக் கொடுக்க வேண்டியதில்லை. படித்துவிட்டு அவர்கள் என் முகத்தைப் பார்க்கப் போவதில்லை. ஊஞ்சலில் படுத்துக்கொண்டு ஒரு வரியை நினைத்து நினைத்துச் சிரிக்கப் போவதும் இல்லை. இதையெல்லாம் அவரிடம் சொல்லவில்லை. சொல்ல வரும்போது என்ன சொல்வேன் என்று உங்களுக்கே தெரியும்.

அந்தக் கோப்பில் அவருக்குத் தெரியாத ஒரு விஷயமும் இருந்தது. அவர் சத்தீஸ்கரில் இருந்தபோது எனக்கு மார்பில் ஒரு கட்டி தென்பட்டது. சேலத்தில் பெரிய ஆஸ்பத்திரிக்குத் தனியாகப் போனேன். ஊசி போட்டுச் சதை எடுத்து சோதனைக்கு அனுப்பினார்கள். அந்த வாரம் அவருடைய வண்டி ஒரு பாறையில் மாட்டி, துளையிடுகிற தண்டு உள்ளேயே முறிந்துபோய், அவர் சோறு தண்ணி இல்லாமல் நின்றுகொண்டிருந்தார். அவரிடம் என்னவென்று சொல்வது? முடிவு வாங்கப் போனபோது டாக்டர், "ஒண்ணுமில்லம்மா, பயப்படாம ஊட்டுக்குப் போங்க" என்றார். டாக்டரே ஒண்ணுமில்லை என்று சொன்ன பிறகு வீட்டுக்கு வந்து சொல்ல என்ன இருக்கிறது? ஒண்ணுமில்லைதான். ஆனால் முடிவு வருகிறவரைக்கும் அந்த நாட்களை நான் எப்படிக் கடந்தேன் என்பதை எழுதியிருந்தேன். அந்தப் பக்கங்களை எழுதும்போது எழுத்தின் அளவை மிகவும் சிறிதாக வைத்துக்கொள்வேன், ஹாலைக் கடந்து போகிறவர் கண்ணில் படாமல் இருக்க.

பிறகு மாமியார் பின்வாசல் படியில் வழுக்கி விழுந்து இடுப்பு எலும்பு முறிந்தது. ஆபரேஷன், படுக்கை, துடைப்பது, திருப்பிப் படுக்கவைப்பது, கைத்தாங்கலாக நடத்துவது என்று மாதங்கள் ஓடின. கம்ப்யூட்டர் பக்கமே நான் போகவில்லை. அவர் கோல் ஊன்றித் தானாக நடக்க ஆரம்பித்த சமயத்தில்தான் சென்னையிலிருந்து அந்தப் போன் வந்தது. என் கட்டுரைகளைப் படித்த ஒரு பதிப்பாளர். முழுப் புத்தகமாக ஏதாவது இருக்கிறதா, இந்த மாதக் கடைசிக்குள் அனுப்ப முடியுமா, புத்தகக் கண்காட்சிக்குக் கொண்டுவந்துவிடலாம் என்றார். "தயாரா இருக்குங்க" என்றேன். போனை வைத்த கையோடு கம்ப்யூட்டரை ஆன் செய்தேன்.

பாஸ்வேர்டைக் கேட்டது. அடித்தேன். தவறு என்றது.

மறுபடி அடித்தேன். தவறு.

எழுதிக்கொண்டிருந்த காலத்தில் விரல் தானாக அடித்துவிடும், நான் யோசித்ததே இல்லை. இப்போது யோசித்தால் ஒன்றும் பிடிபடவில்லை. "ஒண்ணு"வுக்கு 'என்' எழுத்து ஒன்றா இரண்டா? முதல் எழுத்தைப் பெரிதாகப் போட்டேனா? "இல்லீ"க்கு எல் ஒன்றா இரண்டா? அந்த நெடிலுக்கு ஐ போட்டேனா, இரண்டு ஈ போட்டேனா, ஒரே ஈயோடு விட்டேனா? "ங்க"வுக்கு என், ஜி, ஏ-யா? இல்லை, நடுவில் கே வந்ததா? கடைசி ஏ ஒன்றா இரண்டா? பேசும்போது மூச்சோடு மூச்சாக விழுந்துவிடுகிற சொல்லுக்கு எழுத்தில் இத்தனை மூட்டு இருக்கும் என்று யாருக்குத் தெரியும்! தமிழில் எழுதுகிறவள், பூட்டை மட்டும் எதற்கு ஆங்கில எழுத்தில் போட்டாய் என்று கேட்காதீர்கள். அதை நானே என்னைப் பலமுறை கேட்டுத் திட்டிக்கொண்டாகிவிட்டது. அதிலும் நான் இந்த ஊர்ச் சொல்லை ஆத்தூர்க் காதால் கேட்டுப் பழகியவள். அவர்கள் இழுக்கிற இடம் வேறு, நான் இழுக்கிற இடம் வேறு.

வேறு பிரதி இல்லையா என்று கேட்பீர்கள். இருந்தது. ஒரு பென் டிரைவில் பூட்டுப் போடாமல் ஒன்று வைத்திருந்தேன். சமையலறையில் மிளகு டப்பாவுக்குள் ஒரு தாளில் சுற்றி வைத்திருந்தேன். டப்பா திறக்கிறவர் கண்ணில் அது படாமல் இருக்குமா? பட்டது. கேட்பாரற்றுக் கிடக்கிறது என்று எடுத்துப் போய், அதில் இருந்ததை அழித்துவிட்டுக் காரில் கேட்பதற்குப் பழைய பாட்டெல்லாம் ஏற்றிவிட்டார். கொல்லிமலைக்குப் போகும்போது கொண்டை ஊசி வளைவு முழுக்க அந்தப் பாட்டுகளைத்தான் கேட்டுக்கொண்டு போயிருக்கிறோம். அது என் பென் டிரைவ் என்று தெரியாமல் நானும் கூடவே முணுமுணுத்திருக்கிறேன்.

நாமக்கல்லில் ஒரு கம்ப்யூட்டர் கடைக்கு அந்தப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போனேன். பஸ்ஸில் மடியில் வைத்துக்கொண்டு, பிரேக் போடும்போதெல்லாம் கட்டிப் பிடித்துக்கொண்டு. கடைக்காரர் பார்த்துவிட்டு உதட்டைப் பிதுக்கினார். "கம்ப்யூட்டருக்குப் போட்ட பாஸ்வேர்டுன்னா எடுத்துப்போடலாமுங்க்கா. இது அந்த ஃபைலுக்கே போட்டது. எதாச்சும் க்ளூ இருக்குதுங்களா? ஒரு வார்த்தயாச்சும் சொன்னீங்கன்னா முயற்சி பண்ணலாம்."

அவரைச் சுற்றி ஆட்கள் நின்றுகொண்டிருந்தார்கள். அந்தக் கூட்டத்தில் எனக்கு அந்தச் சொல் வாயில் வரவில்லை. கல்யாணமான நாளிலிருந்து கேட்காமலே வந்த சொல், தேவைப்பட்டபோது வரவில்லை. "ஞாபகமில்லீங்க" என்றேன்.

"அப்பன்னா கஷ்டமுங்க்கா. வேணும்னா ஃபார்மட் அடிச்சுத் தாரேன், புதுசாட்ட ஓடும்."

புதுசாட்ட ஓடுமாம். என் இத்தனை வருடத்தை வழித்துப் போட்டுவிட்டுப் புதுசாட்ட ஓடுமாம். பெட்டியைத் தூக்கிக்கொண்டு வந்துவிட்டேன்.

நாட்கள் போய்க்கொண்டே இருந்தன. பதிப்பாளர் ஒருமுறை ஞாபகப்படுத்தினார். "கடைசியாக ஒரு தடவை பார்த்துவிட்டு அனுப்புகிறேன்" என்று சமாளித்தேன். காலையில் குழம்பைக் கூட்டி அடுப்பில் வைத்துவிட்டு வந்து அடிப்பேன். தவறு. துணி காயப்போட்டுவிட்டு வந்து அடிப்பேன். தவறு. எதை அடித்தேன், எதை அடிக்கவில்லை என்பதே எனக்குக் குழம்பிவிட்டது. கீபோர்டை நான் குத்துகிற குத்தில் ஊஞ்சலில் இருந்தவர் எழுந்து வந்துவிட்டார்.

"ஏம்புள்ள, அதயப் போட்டு இந்தக் குத்துக் குத்தற?"

எனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. ஆனாலும் அதே பழக்க தோஷத்தில் மழுப்பப் போனேன். பிறகு, போதும், சொல்லிவிடுவோம் என்று தோன்றியது.

"பாஸ்வேர்டு மறந்துபோச்சுங்க. பொஸ்தகம் கேக்கறாங்க, அனுப்ப முடியல."

அவர் முகத்தில் சிரிப்பு வந்தது. "எங்களுக்குந்தா சொல்லல. செரி, நீயாவது ஞாபகம் வெச்சிருக்கக் கூடாதா?"

"வார்த்த மறக்கலீங்க. எழுத்துத்தா மறந்துபோச்சு."

"செரி, வார்த்தயச் சொல்லு பாப்பம்."

"ஒண்ணுமில்லீங்க."

"பாத்தயா, இப்பவும் மறைக்கற."

"மறைக்கலீங்க. அதுதானுங்க பாஸ்வேர்டு."

"எதுதா?"

"ஒண்ணுமில்லீங்க!"

"ஒண்ணுமில்லீன்னா எதுக்குப் புள்ள கத்தற?"

உள்ளே கட்டிலில் இருந்து மாமியார், "ஏனப்பா, அந்தப் புள்ளயோட எதுக்கு மல்லுக்கட்டற?" என்றார். நான் நாள்காட்டியில் ஒரு தாளைக் கிழித்து, பின்பக்கத்தில் தமிழில் அந்தச் சொல்லைப் பெரிதாக எழுதி அவர் முகத்துக்கு நேரே நீட்டினேன். "இதுங்க. இந்தச் சொல்லுத்தா பாஸ்வேர்டு. இத இங்கிலீஷ் எழுத்துல அடிச்சேன். எப்புடி அடிச்சேன்னு தெரியல."

தாளையே பார்த்துக்கொண்டிருந்தார். சிரிப்பு மெல்ல வடிந்தது. "அப்ப அன்னிக்கு நாங் கேட்டப்ப..."

"ஆமாங்க. அன்னிக்கே சொல்லிட்டேன்."

திட்டுவார் என்று நினைத்தேன். திட்டவில்லை. ஸ்டூலை இழுத்துப் போட்டுப் பக்கத்தில் உட்கார்ந்தார். அவர் பங்குக்கு ஒற்றை விரலால் சில விதமாக அடித்துப் பார்த்தார். மாமியார் கோலை ஊன்றிக்கொண்டு வந்து எட்டிப் பார்த்துவிட்டு, "மறுசாவி போடற ஆளு ஒருத்தங் கெடைக்க மாட்டானா?" என்று கேட்டுவிட்டுப் போனார். ஒன்றும் திறக்கவில்லை. கடைசியில் வீட்டுக்காரருக்குத்தான் ஒரு யோசனை தோன்றியது.

"எனக்கு மெசேஜ்ல இந்தச் சொல்ல அனுப்புவயல்ல? அதுல எப்புடி அடிச்சிருக்கறன்னு பாத்தா?"

என்னுடைய போனை மாற்றியாகிவிட்டது, பழையது எதுவும் அதில் இல்லை. அவர் அந்தக் காலத்துப் போனையே இன்னும் வைத்திருந்தார், போர் வேலை பிடித்துக் கொடுக்கிற ஏஜெண்டுகளின் நம்பரெல்லாம் அதில் இருக்கிறது என்று. அதன் திரை மூலையில் கீறல் விட்டிருந்தது. மூக்குக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு, எங்கள் மெசேஜில் அந்தச் சொல்லின் முதல் எழுத்துகளைப் போட்டுத் தேடினார். வந்து விழுந்தது பாருங்கள், முடிவே இல்லாமல்.

ஒவ்வொன்றாக எழுத்தெழுத்தாகப் படித்துச் சொன்னார். நான் அடித்தேன். தவறு. அடுத்தது. தவறு. ஒரே சொல்லை நான் இத்தனை விதமாக எழுதியிருக்கிறேன் என்பது எனக்கே புதிதாக இருந்தது. முதலில் என் பதிலை மட்டும்தான் படித்துக்கொண்டிருந்தார். போகப் போக அதற்கு மேலே இருந்த தன் கேள்வியையும் சேர்த்துப் படிக்க ஆரம்பித்தார்.

"'கொரலு ஒரு மாதிரி இருந்துச்சே, அழுதயா?' ஒண்ணுமில்லீங்க."

தவறு.

"'பாப்பாவுக்கு ஊசி போட்டாங்கன்னு அம்மா சொல்லுச்சு, என்ன காச்சல்?' ஒண்ணுமில்லீங்க."

தவறு.

"'பொங்கலுக்கு வர முடியாதாட்ட இருக்குது. கோவமா?' ஒண்ணுமில்லீங்க."

அவருடைய குரலில் வேகம் குறைந்துகொண்டே வந்தது. எனக்கோ எரிச்சலாக இருந்தது. "எழுத்த மட்டும் சொல்லுங்க, கதயெல்லாம் எதுக்கு?" என்றேன். அவர் கேட்கவில்லை. கீழே கீழே தள்ளிக்கொண்டு போனவர் ஓரிடத்தில் நிறுத்தினார்.

"'எத்தன தடவ கூப்புடறது, ஏன் எடுக்கல? எங்க இருக்கற?'" என்று தன் கேள்வியைப் படித்தார். பிறகு என் பதில். "'சேலத்துல. பஸ்ஸுல சத்தம். ஒண்ணுமில்லீங்க.'"

நான் கீபோர்டில் கையை வைத்துக்கொண்டு காத்திருந்தேன். அவர் எழுத்தைச் சொல்லவில்லை.

"சேலத்துக்கு எதுக்குப் புள்ள போன?"

நான் போனை அவர் கையிலிருந்து வாங்கிப் பார்த்தேன். பஸ்ஸில் குலுங்கிக்கொண்டு அவசரமாக அடித்தது. எல் ஒன்றுதான். நெடிலுக்கு வெறும் ஈ. கடைசியில் ஏ-க்கு முன்னால் ஒரு கே. பூட்டுப் போட்ட அன்றும் எனக்கு அதே அவசரம்தான். அடித்தேன்.

கோப்பு திறந்துகொண்டது.

எத்தனை நாள் ஆத்திரம், எத்தனை அலைச்சல். திறந்ததும் துள்ளிக் குதிப்பேன் என்று நினைத்திருந்தேன். ஒன்றும் செய்யவில்லை. முதல் வேலையாகப் பூட்டை எடுத்துவிட்டு, பதிப்பாளருக்கு மெயிலில் அனுப்பினேன். போய்ச் சேர்ந்ததா என்று இரண்டு முறை பார்த்தேன். அவர் ஸ்டூலிலேயே உட்கார்ந்திருந்தார். திரையைப் பார்க்காமல் கையில் இருந்த நாள்காட்டித் தாளையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"நீ சேலத்துக்குப் போனது இதுல இருக்குதா?"

"இருக்குதுங்க."

தாளை நான்காக மடித்தார். பிறகு கேட்டார். "படிச்சுப் பாக்கட்டுமா?"

அவர் கேட்டார். கடலை மாவு டப்பாவிடம்கூடக் கேட்டுத் திறக்காத மனுஷன், இதைக் கேட்டார். நெஞ்சு இளகிவிட்டது என்று எழுத ஆசைதான், ஆனால் அப்படி இல்லை. இப்போது கேட்கத் தெரிந்தவருக்கு அன்றைக்குக் கேட்கத் தெரியாமல் போனதே என்று கோபம்தான் வந்தது. ஒரே ஒரு தடவை, ஒண்ணுமில்லீங்க என்று நான் சொன்ன பிறகு, அதற்கு மேல் இன்னொரு கேள்வி கேட்டிருக்கலாமே என்று கோபம். அந்தக் கோபத்தோடுதான் சேலத்துப் பக்கத்தைத் தேடி எடுத்து, எழுத்தைப் பெரிதாக்கி வைத்துவிட்டு நாற்காலியை விட்டு எழுந்தேன். கண்ணாடி போட்டாலும் அவ்வளவு சின்ன எழுத்து அவருக்குத் தெரியாது.

சமையலறைக்குப் போய் வெங்காயம் உரித்தேன். தேவையே இல்லாமல் நிறைய உரித்தேன். ஹாலில் சத்தமே இல்லை. மாமியார் தூங்கிவிட்டார் போல. மவுஸ் சக்கரம் உருளும் சத்தம் எப்போதாவது ஒருமுறை கேட்டது. பிறகு அதுவும் நின்றுவிட்டது.

"ஏம்புள்ள" என்று கூப்பிட்டார்.

வாசற்படிக்கு வந்து நின்றேன். திரைக்கு நேராகத்தான் உட்கார்ந்திருந்தார். எனக்கு முதுகு மட்டும்தான் தெரிந்தது. மூக்குக்கண்ணாடியைக் கழற்றிக் கையில் வைத்திருந்தார்.

"என்னங்க?" என்றேன்.

அவர் திரும்பவில்லை. துண்டை எடுத்து முகத்தை ஒருமுறை அழுத்தித் துடைத்துக்கொண்டார்.

"ஒண்ணுமில்ல" என்றார்.